எப்போது தொடங்கியது என்ற கேள்வி

நாங்கள் ‘இரத்தத்தில் விஷம் ஏறிவிட்டது’ என்று சொன்னதற்கு உங்கள் பாடப் புத்தகத்தில் செப்சிஸ் என்று பெயர் போட்டிருக்கிறார்கள். பெயர் மாறினாலும் ஆள் பழைய ஆள்தான். நர்ஸ் வேலைக்குப் புதிதாக வந்திருக்கும் உங்களிடம் அதற்கு ஊசி மருந்து இருக்கிறது, எங்களிடம் இருக்கவில்லை. ஆனால் அந்த ஊசியை எப்போது எடுப்பது என்று சொல்ல, கட்டிலருகில் நிற்பவரின் கண்ணைத்தான் இன்றைக்கும் நம்ப வேண்டியிருக்கிறது. என் கண் ஒருமுறை பார்க்கத் தவறியதையும், அதன் பிறகு என் வாய் செய்ததையும் இங்கே எழுதுகிறேன். கண் செய்த பிழையை நான் எப்படியோ மன்னித்துக்கொண்டேன். வாய் செய்ததை மன்னிக்க முடியவில்லை.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து இருபதுகளின் நடுப்பகுதி. மலாயாவில், மந்தினுக்கு உட்புறம் இருந்த ஒரு ரப்பர் தோட்டத்து ஆஸ்பத்திரியில் நான் டிரசர். டாக்டர் சிரம்பானிலிருந்து வாரத்துக்கு ஒருமுறை வருவார். மற்ற நாள்களில் மருந்து கலக்குபவனும், காயம் கட்டுபவனும், கட்டிலருகே விழித்திருப்பவனும் நானே. சிரம்பானில் இங்கிலீஷ் பள்ளிக்கூடம் முடித்து, பெரிய ஆஸ்பத்திரியில் பயிற்சி பெற்றவன். படித்தவன் என்ற எண்ணம் எனக்கு நிறையவே இருந்தது.

அது மழைக்காலம். தொழிலாளர் குடியிருந்த வரிசை வீடுகளில், லயத்துக்கு லயம் மலேரியா. காலையில் பெரட்டுக் களத்தில் ஆள் கணக்கு எடுப்பதற்கு முன்பே நான் மலேரியா மருந்தான கொயினா போத்தலோடு நின்று ஒவ்வொரு வாயிலும் ஊற்றுவேன். கசப்பு தாங்காமல் துப்பிவிடுவார்கள் என்பதால் விழுங்கும்வரை தொண்டையைப் பார்த்துக்கொண்டிருப்பேன். குளிர் என்று யார் வந்தாலும் கொயினா. அந்த மழைக்காலத்தில் என் வைத்தியம் முழுவதும் இந்த ஒரு வரிக்குள் அடங்கிவிட்டது.

அதைக் கேலி செய்தவன் காத்தான். ரப்பர் மரத்தில் பட்டை சீவிப் பால் எடுக்கும் பால்வெட்டுக்காரன், நல்ல திடகாத்திரமானவன், வாய் ஓயாதவன். “நம்ம டிரசர் ஐயாகிட்ட மாமியாக்காரி அடிச்சுட்டான்னு போனாலும் கொய்னாதான்லா,” என்று களம் முழுக்கக் கேட்கும்படி சொல்வான். வேலை வாங்கும் கங்காணிகூடச் சிரிப்பார். நானும் சிரிப்பேன். அவனுக்கும் அவன் மனைவி செல்லாயிக்கும் குழந்தை இல்லை. ஒருவரையொருவர் சீண்டிக்கொண்டே இருவரும் ஒரே மர நிரையில் பால் வெட்டுவார்கள்.

ஒருநாள் காலை செல்லாயி அவனைத் தாங்கிப் பிடித்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு வந்தாள். பல் அடித்துக்கொள்ளும் குளிர். கால் கொஞ்சம் நொண்டினான். என்ன காலில் என்று கேட்டேன். வேரோரம் தாழ்ந்த பட்டையை வெட்டும்போது கத்தி வழுக்கிக் கணுக்காலுக்கு மேலே கீறிவிட்டது, அது பழைய கதை, பால் பூசிவிட்டேன், ஆறிவிட்டது என்றான்.

பால் பூசுவது எங்கள் தோட்டத்து வழக்கம். வெட்டுப்பட்டால், மரத்தில் பால் பிடிக்கும் மங்கிலிருந்து ரப்பர்ப் பாலை விரலால் தொட்டுக் காயத்தின் மேல் தடவிவிடுவார்கள். அது காய்ந்து தோல்போல ஒட்டிக்கொள்ளும். ரத்தம் நிற்கும், ஈ மொய்க்காது, வேலையும் கெடாது. குனிந்து பார்த்தேன். மெல்லிய பழுப்பு நிறத்தில், சுருக்கமில்லாமல், கச்சிதமாக இருந்தது. “நான் கட்டியிருந்தாக்கூட இவ்வளவு சுத்தமா இருக்காது,” என்று சொன்னது எனக்கு நன்றாக நினைவிருக்கிறது.

பயிற்சிக் காலத்தில் எங்களுக்கு ஒரு மூத்த டிரசர் இருந்தார். கட்டு என்று ஒன்று இருந்தால், யார் கட்டியிருந்தாலும், எவ்வளவு அழகாக இருந்தாலும் அவிழ்த்துப் பார்த்துவிட்டுத்தான் அடுத்த வேலை என்பார். அதை நான் ஒருநாளும் மீறியதில்லை. ஆனால் துணியைத்தான் கட்டு என்று என் மனம் எடுத்துக்கொண்டிருந்தது. ரப்பர்ப் பால் கண்ணுக்குத் தோலாகத் தெரிந்தது. தோலை யார் அவிழ்த்துப் பார்ப்பார்கள்?

கொயினா கொடுத்துப் படுக்க வைத்தேன்.

மறுநாள் அவனுக்கு வியர்த்துக் கொட்டியது. காய்ச்சலும் கொஞ்சம் குறைந்தது. மலேரியாக் குளிர் அடங்கி வியர்த்தவன் எழுந்து உட்கார்ந்து கஞ்சி கேட்பான். இது எங்கள் ஆஸ்பத்திரியில் தினமும் நடப்பது. காத்தான் கஞ்சி கேட்கவில்லை. வைத்த கஞ்சி ஏடு படிந்து கிடந்தது. அதையும் பார்த்தேன். பார்த்துவிட்டு அடுத்த கட்டிலுக்குப் போனேன்.

நான் திரும்பி வரும்போது என்னை உற்றுப் பார்த்து, “வாங்க சம்மந்தி, எப்ப வந்தீங்க? கப்பல்ல கூட்டமா?” என்றான். பக்கத்துக் கட்டில்காரர்கள் சிரித்தார்கள். “பொண்ண உள்ள கூப்பிடுங்க, பரிசம் போட்டுறலாம்,” என்றான். பிள்ளையில்லாதவன் பரிசம் பேசுகிறான் என்று சிரிப்பு இன்னும் கூடியது. காய்ச்சல்காரர்கள் சிரித்து நான் கேட்டு நாளாகியிருந்தது. நானும் சிரித்தேன். காத்தான் தேறிவிட்டான், பழையபடி வாயைத் திறந்துவிட்டான் என்று எனக்குத் தோன்றியது.

செல்லாயி மட்டும் சிரிக்கவில்லை. நான் வெளியே வந்ததும் பின்னாலேயே வந்தாள்.

“ஐயா, இது அவரு பேச்சு இல்லீங்க.”

என்னம்மா, எப்போதும் பேசுகிற பேச்சுத்தானே என்றேன்.

“வெளையாட்டுக்குப் பேசினாருன்னா என்னைப் பாத்துக்கிட்டேதான் பேசுவாரு. நான் சிரிக்கிறேனான்னு பாப்பாரு. இன்னிக்கி என்னைப் பாக்கவே இல்லீங்கய்யா.”

காய்ச்சல் இறங்கும்போது கொஞ்சம் உளறத்தான் செய்வார்கள், போய் வேலையைப் பார் என்று அனுப்பிவிட்டேன். அவள் போனாள். ஆஸ்பத்திரி வாசலைத் தாண்டும்வரை திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனாள்.

மூன்றாம் நாள் காலை தெர்மாமீட்டர் வழக்கத்தைவிடக் கீழே காட்டியது. எனக்குச் சந்தோஷம். கங்காணி வாசலில் நின்று கேட்டபோது, காய்ச்சல் இறங்கிவிட்டது, நாளைக்குப் பெரட்டுக்கு வந்துவிடுவான் என்று சொல்லி அனுப்பினேன். காய்ச்சலுக்கு இறங்குவது என்று ஒரு சொல் வைத்திருக்கிறோமே, அது எவ்வளவு ஆபத்தான சொல் என்று அன்று எனக்குத் தெரியாது. தெம்பு உள்ள உடம்புதான் கொதிக்கும். எரிக்க விறகில்லாத அடுப்பும் குளிர்ந்துதான் போகும்.

மதியம் தரையில் பாயில் கிடந்த ஒரு மலேரியாக்காரனுக்குக் கட்டில் தேவைப்பட்டது. காத்தானை எழுப்பி லயத்துக்கு அனுப்பலாம் என்று போனேன். “எழுந்திரு காத்தான், உன் கட்டிலுக்கு ஆள் வந்தாச்சு,” என்று சொல்லிக் கையைப் பிடித்துத் தூக்கினேன்.

கை ஈரமாக, மீனைத் தொட்டதுபோலச் சில்லென்று இருந்தது. நாடி பிடித்தேன். விரலுக்கு அடியில் ஓடியது. ஆனால் எண்ண முடியவில்லை, எண்ணத் தொடங்குவதற்குள் நழுவியது. அப்போதுதான் அவன் மூச்சைக் கவனித்தேன். படுத்துக் கிடப்பவன், மேட்டு நிரையில் வாளியோடு ஓடி ஏறியவன்போல மூச்சு விட்டுக்கொண்டிருந்தான். முழங்கால் தோலில் வலை பின்னியதுபோல நீலம். சிறுநீர் போனானா என்று வார்டு ஆளைக் கேட்டேன். நேற்று மாலைக்குப் பிறகு ஜாடி கேட்கவில்லை என்றான்.

இதெல்லாம் அந்த நிமிடத்தில் வந்தவை அல்ல. காலையிலும் இருந்திருக்கும். நான் தெர்மாமீட்டரைப் பார்த்தேன், ஆளைப் பார்க்கவில்லை.

போர்வையை விலக்கினேன். கணுக்காலில் அந்தப் பழுப்புத் தோல் அதே கச்சிதத்தோடு இருந்தது. ஆனால் அதைச் சுற்றிலும் கால் பளபளவென்று வீங்கி, அங்கிருந்து ஒரு சிவப்புக் கோடு தொடையின் உள்பக்கமாக ஏறிப் போயிருந்தது. கத்தரிக்கோல் நுனியால் ரப்பரைக் கிளப்பினேன். உரிந்து வந்தது. வாடைக்குப் பக்கத்துக் கட்டில்காரன் முகத்தை மூடிக்கொண்டான். யாரும் சிரிக்கவில்லை.

அதன் பிறகு நான் சரியாகத்தான் நடந்துகொண்டேன். டாக்டர் இல்லாமல் கத்தி வைக்க எனக்கு அனுமதி கிடையாது, வைத்தேன். சீழை இறக்கிவிட்டு மருந்து கலந்த வெந்நீரால் கழுவினேன். வெந்நீர்ப் போத்தல்களைத் துணியில் சுற்றி உடம்போரம் வைத்தேன். ஆபீசுக்கு ஓடினேன். தோட்டத்து மேனேஜர் துரை வேறொரு தோட்டத்துக்குப் போயிருந்தார். ரப்பர் ஷீட் ஏற்றிய லாரி சிரம்பானுக்குப் போகத் தயாராக நின்றது. சரக்கை இறக்கிவிட்டு நோயாளியை ஏற்ற வேண்டும் என்றேன். ஆபீஸ் குமாஸ்தாவான கிராணி பயந்துவிட்டார்.

“தொரை வரட்டும் ஐயா. கேக்காம லாரிய விட்டா என் வேலை போயிடும்.”

“தொரை வர்றதுக்குள்ள இவன் போயிடுவான். நான் சொன்னேன்னு சொல்லுங்க. வேலை போனா என் வேலை போகட்டும்.”

லாரி கிளம்பியது. இந்தத் தைரியத்தைச் சொல்லிக்கொள்ள எனக்குப் பிடிக்கும். பல வருடங்களாக, உங்களைப்போன்ற பலரிடம், இந்தக் கதையை இந்த இடத்தோடு நிறுத்தியிருக்கிறேன்.

மழையில் அந்த மலை வளைவுகளில் லாரி ஊர்ந்தது. தார்ப்பாயின் கீழ் காத்தானின் தலையைச் செல்லாயி மடியில் வைத்திருந்தாள். நான் நாடியிலிருந்து விரலை எடுக்கவே இல்லை. எடுத்தால் நின்றுவிடும் என்று ஒரு பைத்தியக்கார எண்ணம். ஒவ்வொரு வளைவிலும் எனக்கு இரண்டு பயம் மாறி மாறி வந்தன. ஒன்று, இவன் வழியிலேயே போய்விடுவான். இன்னொன்று, அங்கே, வாராவாரம் வரும் எங்கள் டாக்டர் கேட்பார். எனக்குச் சான்றிதழில் கையெழுத்துப் போட்டவர் அவர். காயத்தைத் திறந்து பார்க்காமல் கொயினா கொடுத்துக்கொண்டிருந்தேன் என்று அவரிடம் எந்த வாயால் சொல்வது? செல்லாயி ஏதாவது பேசியிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

சிரம்பான் ஆஸ்பத்திரியில் தள்ளுகட்டிலுக்குப் பக்கத்தில் நடந்துகொண்டே டாக்டர் இங்கிலீஷில் கேட்டார்: எப்போது தொடங்கியது?

“இன்று காலை,” என்றேன்.

யோசித்துச் சொன்னதில்லை. தடுக்கி விழுபவன் கையை ஊன்றுவதுபோல வந்தது. இன்று காலைதான் குளிரோடு வந்தான், மதியம் கால் புண்ணைப் பார்த்தேன், உடனே கொண்டு வந்துவிட்டேன் என்று அடுக்கினேன். நன்றாகச் செய்தாய் என்று அவர் என் தோளைத் தட்டினார். செல்லாயி எங்கள் இருவர் வாயையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவளுக்கு இங்கிலீஷ் தெரியாது. டாக்டர் உள்ளே போனதும், “எல்லாத்தையும் சொல்லிட்டீங்களாய்யா?” என்றாள். சொல்லிவிட்டேன் என்றேன்.

டாக்டர் நன்றாகக் கணக்குப் போடுகிறவர். கணக்கில் நான் கொடுத்த எண்தான் தப்பு. ஒரு நாள் நோய் என்றால் உடம்பில் இன்னும் எதிர்க்கும் பலம் இருக்கும், பெரிதாகத் திறந்து சீழை வடியவிட்டுக் காத்திருக்கலாம், காலைக் காப்பாற்றலாம். தோட்டத்து ஆளுக்குக் கால்தான் சோறு என்பதும் அவருக்குத் தெரியும். அப்படியே செய்தார். மூன்றாம் நாள் என்றால் காத்திருக்கக் கூடாது, அன்றைக்கே முழங்காலுக்குக் கீழே எடுத்துவிட வேண்டும் என்பதைப் பிறகு வேறொரு நோயாளியைப் பற்றிப் பேசும்போது பொதுவாகச் சொன்னார். என்னிடம் சொல்கிறோம் என்று அவருக்குத் தெரியாது.

அன்று மாலை முழுவதும் நான் வார்டுக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். டாக்டர் அந்த வழியாகப் போகும்போதெல்லாம் எழுந்து நின்றேன். மரியாதைக்கு எழுகிறேன் என்று நினைத்துத் தலையசைத்துவிட்டுப் போனார். எழுந்தது சொல்வதற்காக. ‘சார், காலையில் அல்ல, முந்தாநாள்’ என்று ஒரு வரி. அந்த வரியை மனதுக்குள் இங்கிலீஷில் திருத்தித் திருத்தி வைத்துக்கொண்டேன். இலக்கணப் பிழை இல்லாத வரி. ஒருமுறை வாயைத் திறந்தேன். என்ன என்பதுபோல நின்றார். எப்படி இருக்கிறான் என்று கேட்டுவிட்டு உட்கார்ந்தேன்.

மறுநாள் கால் கறுத்துக் கொப்புளம் கட்டியது. முழங்காலுக்கு மேலே, தொடையோடு எடுக்க வேண்டியதாயிற்று. உயிர் பிழைத்தான். அது அவன் உடம்பின் பலம்.

இதிலிருந்து உங்களுக்குச் சொல்ல வேண்டியது அதிகம் இல்லை. மூடியிருப்பது எதுவானாலும் திறந்து பாருங்கள். காய்ச்சல் குறைந்தவனின் கையைத் தொடுங்கள், மூச்சை எண்ணுங்கள், சிறுநீரைக் கேளுங்கள். கூட இருப்பவர், இது இவர் பேச்சு இல்லை என்று சொன்னால், கையிலிருக்கும் வேலையைக் கீழே வைத்துவிட்டு அந்தக் கட்டிலுக்குப் போங்கள். இவற்றை உங்கள் ஆசிரியைகளும் சொல்லிக் கொடுப்பார்கள். நான் சொல்ல வந்தது அதற்கு அடுத்தது. தாமதித்துவிட்டீர்களா, தாமதித்தேன் என்று உடனே சொல்லுங்கள். நீங்கள் தாமதித்த நேரமும் நோயாளியின் நோயில் ஒரு பகுதி. அதை மறைத்தால் அடுத்தவர் பாதி நோய்க்குத்தான் மருந்து கொடுப்பார். உங்களைத் திட்டுவார்கள், வேலைகூடப் போகலாம். போகட்டும். எனக்கு வேலை போகவில்லை. டாக்டர் என்னைப் புகழ்ந்து துரைக்கு எழுதினார். கிராணி வெற்றிலைத் தட்டோடு வீட்டுக்கு வந்தார். தோட்டத்தில் என்னைப் பற்றிப் பேசும்போது மரியாதையோடு குரலைத் தாழ்த்திக்கொண்டார்கள்.

ஒற்றைக்காலோடு பால் வெட்ட முடியாது. வேலைக்கு ஆகாதவர்களைத் தோட்டம் ஊருக்குக் கப்பலேற்றிவிடும், அதுதான் நடைமுறை. காத்தானையும் செல்லாயியையும் சிரம்பான் ரயில் நிலையத்தில் வழியனுப்ப ஒரு லாரி நிறைய ஆள்கள் வந்திருந்தார்கள். நானும் போனேன். காத்தான் கக்கத்தில் கட்டையோடு நின்று, இனிமேல் செருப்பு ஒன்று வாங்கினால் போதும், மிச்சம்தான் என்று எல்லோரையும் சிரிக்க வைத்துக்கொண்டிருந்தான். என்னைக் கண்டதும் கட்டையைச் சுவரில் சாய்த்துவிட்டு, ஒரு கையால் தூணைப் பிடித்துக்கொண்டு, என் காலைத் தொடக் குனிந்தான். தடுத்துப் பிடித்தேன். “காலு போனா என்னங்கய்யா, உசுரு நீங்க போட்ட பிச்சை,” என்றான். அவன் கண் கலங்கியிருந்தது. பிறகு கங்காணி கூப்பிட அந்தப் பக்கம் நகர்ந்தான்.

செல்லாயி மூட்டைகளின் அருகில் நின்றிருந்தாள். அவளிடம், தொடைப் புண்ணை உப்புத் தண்ணீரில் கழுவ வேண்டும், கப்பலில் ஈரம் படாமல் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று ஏதேதோ சொன்னேன். கேட்டுக்கொண்டாள். பிறகு என்னை நேராகப் பார்த்தாள்.

“அன்னிக்கி டாக்டர் தொரைகிட்ட இங்கிலீசுல என்னங்கய்யா சொன்னீங்க?”

பொய் சொல்ல எனக்கு வேண்டிய நேரம் இருந்தது. இந்த முறை சொல்லவில்லை. இன்று காலைதான் நோய் கண்டது என்று சொன்னேன் அம்மா, பயத்தில் சொல்லிவிட்டேன், அதனால்தான் அவர் காத்திருந்தார், அதனால்தான் இவ்வளவு கால் போயிற்று என்றேன். அவளை அம்மா என்று அழைத்தது, ஒரு பேச்சுக்கு அழைக்காமல் அழைத்தது, அதுதான் முதல் தடவை.

அவள் குனிந்து ஒரு மூட்டையின் முடிச்சை இறுக்கிக் கட்டினாள். நான் திட்டுக்குக் காத்திருந்தேன். அதை வாங்கிக்கொண்டு போக வேண்டும் என்றுதான் வந்திருந்தேனோ என்னவோ. அவனிடமும் நானே சொல்லிவிடுகிறேன் என்று ஓரடி எடுத்து வைத்தேன்.

“வேணாம்,” என்றாள். “அவருகிட்ட சொல்லாதீங்க. ஊருல போயி என்னத்தைச் சொல்லிக்கிட்டுத் திரிவாரு? எங்க டிரசர் ஐயா சாமி மாதிரி வந்து காப்பாத்துனாருன்னு சொல்லிக்கிட்டாவது இருப்பாரு. அதையும் எடுத்துக்கிடாதீங்க.”

ரயில் வந்தது. காத்தானை நானும் கங்காணியும் ஆளுக்கொரு பக்கம் தாங்கி ஏற்றினோம். வண்டி நகரும்போது ஜன்னல் வழியாக இரண்டு கைகளையும் தலைக்கு மேல் தூக்கி என்னைக் கும்பிட்டான். கண்ணுக்கு மறையும்வரை நான் அந்தக் கும்பிடை வாங்கிக்கொண்டு நின்றேன்.